அடிமரம் சொல்லும் கணக்கு: அமெரிக்க ரேஞ்சர் நிலையங்களின் கட்டடக்கலை

மான்டானா மாநிலத்தில், பிட்டர்ரூட் ஆற்றின் மேற்குக் கிளையை ஒட்டி ஒரு மரக்குடில் இருக்கிறது. 13 அடிக்கு 15 அடி, ஒரே அறை. உருட்டுக்கட்டைகளை அடுக்கிய சுவர், மேலே மண் கூரை. 1899-ல் நாதானியல் வில்கர்சன், ஹென்றி டட்டில் என்ற இரண்டு ரேஞ்சர்கள் இதைத் தங்கள் கையாலேயே கட்டினார்கள். செலவும் கைக்காசுதான். அந்த ஆண்டு ஜூலை 4 அன்று அதன்மேல் நாட்டுக் கொடியை ஏற்றினார்கள். ஆல்டா ரேஞ்சர் நிலையம் என்று பெயர். அமெரிக்க வனத்துறை தன் கட்டட வரலாற்றை இந்தக் குடிலிலிருந்துதான் தொடங்குகிறது.

அரசு ஊழியர்கள் ஏன் சொந்தக் காசில் அலுவலகம் கட்டினார்கள்? 1891-ல் வந்த சட்டம், காடுகளை ஒதுக்கிவைக்கும் அதிகாரத்தைக் குடியரசுத் தலைவருக்குக் கொடுத்தது. 1897 பிப்ரவரி 22 அன்று குரோவர் கிளீவ்லாந்து ஒரே நாளில் 13 ஒதுக்குக் காடுகளை அறிவித்தார். மொத்தம் 2 கோடி ஏக்கருக்கு மேல். பிட்டர்ரூட் அவற்றில் ஒன்று. காவல் காக்க ஆள் எடுத்தது அடுத்த ஆண்டுதான். எடுத்த இலாகாவோ பொது நிலங்களை விற்றுப் பத்திரம் கொடுத்துப் பழகியது. காட்டுக்குள் ஒருவன் எங்கே படுப்பான், மழைக்கு எங்கே ஒதுங்குவான் என்பதெல்லாம் அதன் கணக்கில் வரவில்லை. குதிரைகூட ரேஞ்சரே கொண்டுவர வேண்டும்.

ஆல்டா குடில் அரசிடம் அதிக நாள் இருக்கவில்லை. அது நின்ற இடம் யாரோ ஒருவரின் சுரங்க உரிமை நிலம் என்று 1904-ல் தெரியவந்தது, கைவிட்டுவிட்டார்கள். 1941-ல் ஹாமில்டன் ஊர் லயன்ஸ் சங்கத்தார் அந்த நிலத்தை விலைக்கு வாங்கி வனத்துறைக்கே திருப்பிக் கொடுத்தார்கள்.

அரசுப் பணத்தில் எழுந்த முதல் நிலையம் வயோமிங்கில் உள்ள வாபிட்டி. 1903-ல் கட்டப்பட்டது. 1891 சட்டத்தின் கீழ் முதன்முதலில் ஒதுக்கப்பட்ட யெல்லோஸ்டோன் பக்கத்துக் காட்டில் அது இருக்கிறது. இன்று தேசிய வரலாற்றுச் சின்னம். அதுவும் உருட்டுக்கட்டைக் கட்டடம்தான்.

1905-ல் காடுகள் எல்லாம் வேளாண்மைத் துறைக்கு மாறின. கிஃபோர்ட் பின்ஷோ தலைமையில் வனத்துறை பிறந்தது. நமக்குத் தொடர்புள்ள ஒரு செய்தி இந்த இடத்தில் வருகிறது. பின்ஷோ இளைஞராக ஐரோப்பாவில் வனவியல் படித்தபோது அவருக்கு வழிகாட்டியவர் டீட்ரிச் பிராண்டிஸ். பிராண்டிஸ் இந்தியாவின் முதல் வனத் தலைமை ஆய்வாளர். 1882-ன் சென்னை வனச் சட்டம் உருவான காலத்தில் மாகாணத்துக்கு வந்து, வன நிர்வாகத்துக்கு யோசனை எழுதிக்கொடுத்தவரும் அவர்தான். ஆனைமலையில் ‘ரேஞ்சர் ஆபீஸ்’ என்று சொல்கிறோமே, அந்த நிர்வாக மரபுக்கும் ஓரிகன் மலைக்காட்டு ரேஞ்சர் நிலையத்துக்கும் நடுவில் ஒரே ஆசானின் கை இருக்கிறது. கட்டடத்தில் மட்டும் இரண்டும் வேறு வேறு வழியில் போயின.

1905-ல் ரேஞ்சர்களுக்குச் சட்டைப்பை அளவில் ஒரு விதிப்புத்தகம் கொடுத்தார்கள். கட்டடங்கள் பொதுவாக உருட்டுக்கட்டையால் அமையட்டும், கூரைக்கு மர ஓடு போடட்டும், ஊழியர் குடும்பத்தோடு வசிக்க இடம் இருக்கட்டும், குதிரைக்குப் புல்வெளியை வேலி கட்டி விடட்டும் என்று அதில் இருந்தது. அழகைப் பற்றிப் பேச்சே இல்லை. ஒரு கட்டடத்துக்கு 500 டாலருக்கு மேல் போகக்கூடாது என்று நாடாளுமன்றம் வரம்பு வைத்திருந்தது, பிறகு அது 650 ஆனது. பலகை அறுக்கும் ஆலையிலிருந்து மலைக்கு மரம் ஏற்றும் கூலியே அந்தப் பணத்தை விழுங்கிவிடும். பக்கத்தில் நிற்கிற மரத்தை வெட்டினால் காசு இல்லை. ‘நாட்டுப்புற அழகு’ என்று இன்று நாம் படம் எடுத்துப் போடுவது இந்தக் கணக்கிலிருந்து முளைத்ததுதான்.

1906-ல் இன்னொரு நெருக்கடி. ஒதுக்குக் காட்டுக்குள்ளேயே விவசாயத்துக்கு ஏற்ற நிலத்தைக் குடியேறிகள் கேட்டுப் பெறலாம் என்று சட்டம் வந்தது. விவசாயத்துக்கு ஏற்ற நிலம் எது? தண்ணீர் பக்கத்தில், சமதளமாக, புல் விளைகிற இடம். ரேஞ்சர் நிலையத்துக்கும் அதே இடம்தான் வேண்டும். ஆகவே ரேஞ்சர்கள் அவசர அவசரமாக நல்ல இடங்களை எல்லாம் ‘நிர்வாக இடம்’ என்று குறித்து ஒதுக்கினார்கள். அவற்றில் பலவற்றில் கட்டடம் எழவே இல்லை.

இடம் பார்ப்பதில் சில கறாரான விதிகள் உண்டு. கோடையிலும் வற்றாத ஊற்று வேண்டும். பாதைகள் கூடும் இடமாக இருந்தால் நல்லது. பனிச்சரிவு இறங்கும் தடத்தை விட்டு விலகியிருக்க வேண்டும். அந்தத் தடம் கோடையில் புல் மூடி, மரமே இல்லாமல், கட்டடம் கட்டச் சொல்லி அழைப்பது போலவே இருக்கும். பெரிய மரங்கள் இல்லாமல் இளஞ்செடிகள் மட்டும் மேலிருந்து கீழாகப் பட்டையாக வளர்ந்திருந்தால், அது பனி வருகிற வழி. தெற்கு நோக்கிய சரிவில் பனி சீக்கிரம் உருகும், வடக்கு நோக்கிய சரிவில் சுவர் வெயிலே காணாமல் ஊறிக் கிடக்கும். நிலையங்களுக்கு இடையிலான தூரத்தைக் குதிரைதான் தீர்மானித்தது: ஒரு நாள் சவாரி.

கட்டை அடுக்கும் கணக்கு

ஆல்டா அளவில் ஒரு குடிலுக்குச் சுவர் உயரம் 8 அடி என்று வைத்துக்கொள்வோம். 10 அங்குல விட்டமுள்ள கட்டை என்றால் ஒரு சுவருக்குப் பத்து வரிசை, நான்கு சுவருக்கு 40 கட்டை. முகடு, கைமரம் எல்லாம் தனி. ராக்கி மலைப் பகுதியில் இதற்கு வாகான மரம் லாட்ஜ்போல் பைன். நேராக வளரும், அடிக்கும் நுனிக்கும் பருமன் வித்தியாசம் குறைவு. ஈரக் கட்டை ஒன்று 17 அடி நீளத்தில் சுமார் 160 கிலோ வரும். இதை 8 அடி உயரத்துக்கு இரண்டு பேர் எப்படித் தூக்குவார்கள்? தூக்கமாட்டார்கள், உருட்டுவார்கள். சுவரின் மேல் இரண்டு சாய்வுக் கம்புகளைச் சார்த்தி, மேலே கட்டிய இரண்டு கயிறுகளைக் கட்டையின் அடியில் கொடுத்து மறுபடி மேலே வாங்கி இழுத்தால், கட்டை தானே உருண்டு ஏறும். கயிறு கட்டையைச் சுற்றி வருவதால் பாதிப் பளுதான் கையில் விழும். குதிரை இருந்தால் அதுவும் இல்லை.

குளிர்காலத்தில் வெட்டிய மரத்தில் பூச்சியும் பூஞ்சையும் உடனே ஏறாது, மெதுவாகக் காயும், வெடிப்பும் குறைவு. ஆனால் பட்டை இறுகப் பிடித்திருக்கும், இழைத்துத்தான் எடுக்க வேண்டும். வசந்தத்தில் சாறு ஏறும்போது வெட்டினால் பட்டை வாழைமட்டை போல உரிந்து வரும், ஆனால் வெயிலில் மேல்தோல் வெடிக்கும். எது வசதியோ அதைச் செய்யலாம். செய்யக்கூடாதது ஒன்றுதான்: பட்டையோடு அடுக்குவது. பட்டைக்கும் மரத்துக்கும் நடுவில் ஈரம் தங்கும், வண்டு குடியேறும், சில ஆண்டுகளில் பட்டை தானாக விழும்போது உள்ளே மாவாகிப்போன மரம் தெரியும். காட்டு அழகு வேண்டும் என்று பட்டையை விட்டுவைத்த கட்டடங்கள் எல்லாம் இந்தப் பாடத்தைச் செலவழித்துக் கற்றன.

ஒரு வரிசையில் கட்டையின் அடிப்பக்கம் இடது மூலையில் இருந்தால், அடுத்த வரிசையில் நுனிப்பக்கம் இடது மூலையில் வரவேண்டும். இந்த மாற்று தவறினால் ஐந்தாவது வரிசைக்குள் சுவர் ஒரு பக்கம் ஏறி நிற்கும்.

மூலையில் கட்டைகள் ஒன்றையொன்று கவ்வும் வெட்டுதான் கைத்திறன் தெரிகிற இடம். எளியது சேணவெட்டு, குதிரைமேல் சேணம் உட்காருவது போல. இதில் பள்ளத்தை எந்தக் கட்டையில் வெட்டுகிறோம் என்பது முக்கியம். மேல்கட்டையின் அடிவயிற்றில் வெட்ட வேண்டும். அவசரக்காரர்கள் கீழ்க்கட்டையின் முதுகில் வெட்டுவார்கள், அது சுலபம், கட்டையைப் புரட்டிப் புரட்டிப் பார்க்க வேண்டியதில்லை. ஆனால் அந்தப் பள்ளம் ஒரு கிண்ணம். மழையும் பனிநீரும் அதில் நிற்கும். மூலையிலிருந்து அழுகல் தொடங்கும், மூலை போனால் சுவர் பிரியும்.

உருட்டுக்கட்டைக் கட்டடத்தில் புதிதாக வருபவர்களைத் தடுமாறவைப்பது இறக்கம். மரம் காயும்போது நீளவாக்கில் ஏறக்குறைய சுருங்காது, குறுக்குவாக்கில்தான் சுருங்கும். செங்கல் சுவரில் இந்தப் பேச்சே இல்லை. இங்கே கட்டைகள் படுத்துக் கிடப்பதால் சுவரின் உயரம் முழுவதும் குறுக்குவாக்குதான். ஈரக் கட்டையில் கட்டினால் அடிக்கு அரை முதல் முக்கால் அங்குலம் வரை இறங்கும். 8 அடிச் சுவர் 4 முதல் 6 அங்குலம் வரை குட்டையாகிவிடும். சன்னல் சட்டமும் கதவு நிலையும் நெட்டுவாக்கில் நிற்கும் மரம், அவை இறங்காது. ஆகவே நிலைக்கு மேலே, அதன் உயரத்துக்கு அடிக்கு அரை முதல் முக்கால் அங்குலம் என்ற அதே கணக்கில் வெற்றிடம் விட்டு, பாசியோ பஞ்சோ அடைத்து, மேல்பட்டைப் பலகையால் மறைக்க வேண்டும். நிலையைக் கட்டையோடு ஆணி வைத்து இறுக்கக்கூடாது. கட்டை முனைகளில் நெட்டுக்குக் காடி வெட்டி, அதில் ஒரு ரீப்பரைச் செருகி, நிலையை அந்த ரீப்பரில் மட்டும் அடிக்க வேண்டும். கட்டைகள் ரீப்பர் வழியே வழுக்கி இறங்கும். இதைச் செய்யாத வீட்டில் இரண்டாம் குளிர்காலத்தில் கதவு திறக்காது. அல்லது மேல் கட்டைகள் நிலைமேல் தொங்கி நிற்க, அவற்றுக்குக் கீழே கைவிடும் அளவுக்குச் சந்து விழும். புகைபோக்கியும் அப்படியே. கல் இறங்காது, கூரை இறங்கும். இரண்டையும் ஒரே தகட்டால் இறுக்கினால் தகடு கிழிந்து தண்ணீர் உள்ளே வரும். ஒரு தகடு கல்லிலும் இன்னொன்று கூரையிலும் பிடித்து, ஒன்றன்மேல் ஒன்று நழுவும்படி விட வேண்டும்.

கட்டைகளுக்கு இடையிலான சந்தை முதலில் பாசியும் களிமண்ணும் வைத்து அடைத்தார்கள், அல்லது நாலாகப் பிளந்த இளங்கம்புகளை ஆணியால் அடித்தார்கள். பிறகு சுண்ணாம்புச் சாந்து, அதற்குப் பிறகு சிமெண்ட். சிமெண்ட் வந்தபோது முன்னேற்றம் போலத் தெரிந்தது. உண்மையில் அது தொந்தரவு. மரம் ஆண்டுதோறும் ஊதிச் சுருங்கும், சிமெண்ட் அசையாது. இரண்டுக்கும் நடுவில் மயிரிழைச் சந்து விழுந்ததும் மழைநீர் உள்ளே போகும், வெளியே வர வழி தெரியாமல் கீழ்க்கட்டையின் முதுகில் தங்கும். சாந்து எதுவானாலும் மேல்கட்டையின் வளைவுக்குள் சற்று உள்வாங்கி, வெளிப்பக்கம் சரிவாகப் பூச வேண்டும். கட்டையின் வெளிமுகம் வரை நிரப்பிப் பூசினால் அது ஒரு திண்ணை, தண்ணீர் வந்து உட்காரும்.

மண் கூரைக்குப் பெரிய புகழ் உண்டு. எனக்கு அதில் மரியாதை குறைவு. பணம் இல்லாதவனின் கூரை அது, அவ்வளவுதான். 6 அங்குல மண் நனைந்தால் சதுர அடிக்கு 50 பவுண்டுக்குக் குறையாது. ஆல்டா அளவுக் குடிலில் கூரை நீட்டத்தோடு சேர்த்து 250 சதுர அடி என்றால் ஐந்தரை டன்னுக்கு மேல், பனி தனி. மழை நின்ற பிறகும் ஒரு நாள் முழுக்க உள்ளே சொட்டும். தேவதாரு வகை மரத்தை வெட்டுக்கத்தியால் நார் போன போக்கில் பிளந்து எடுத்த மர ஓடுதான் நம்பகமானது. ரம்பத்தால் அறுத்தால் நார் அறுபட்டு நீர் உறிஞ்சும். பிளந்தால் நார்வாக்கிலேயே நீர் வழிந்துவிடும். 24 அங்குல ஓட்டில் 10 அங்குலம் வெளியே தெரிந்தால் எங்கும் இரண்டு அடுக்கு இருக்கும், ஏழரை அங்குலம் என்றால் மூன்று அடுக்கு. கூரைக்கு ஒரே எதிரி தீப்பொறி. காட்டுத்தீயை அணைக்கப் போனவர்களின் சொந்தக் கூரையே முதலில் பற்றிக்கொள்ளக்கூடிய பொருள் என்பது இந்தத் துறையின் விசித்திரங்களில் ஒன்று.

தீக்குப் பிறகு

1910 ஆகஸ்ட் 20, 21 தேதிகளில் ஐடாஹோ, மான்டானா பகுதிகளில் சுமார் 30 லட்சம் ஏக்கர் காடு எரிந்தது. எண்பதுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள், பெரும்பாலோர் தீயணைக்கப் போனவர்கள். அதன்பின் ரேஞ்சர் நிலையம் ஒருவர் தங்கும் குடிலாக இருக்க முடியவில்லை. மரத்துக்கு மரம் தொங்கவிட்ட ஒற்றை இரும்புக் கம்பியில் தொலைபேசி வந்தது. கருவிக் கிடங்கு, கோவேறு கழுதைகளுக்குக் கொட்டில், கொல்லுலை, பிறகு மோட்டார் கொட்டகை. பெட்ரோலும் எண்ணெயும் வைக்கும் சிற்றறை மட்டும் மற்றவற்றிலிருந்து தள்ளித் தனியாக நிற்கும். பழைய நிலைய வளாகத்தில் சம்பந்தமே இல்லாமல் ஒதுங்கி நிற்கும் சின்னக் கட்டடத்தைப் பார்த்தால் அது பெரும்பாலும் இதுதான்.

1933-ல் பெருமந்தத்தின் நடுவே ரூஸ்வெல்ட் தொடங்கிய சிசிசி என்ற இளைஞர் பணிப்படை கட்டடக்கலையையே திருப்பிப்போட்டது. 18 முதல் 25 வயது வரையிலான வேலையற்ற இளைஞர்கள். மாதம் 30 டாலர், அதில் 25 நேரே வீட்டுக்குப் போய்விடும். 1942-ல் படை கலைக்கப்படும் வரை சுமார் 30 லட்சம் பேர் அதில் இருந்தார்கள். பெரும்பாலோர் உளி பிடித்திராதவர்கள். ஆகவே ஒவ்வொரு முகாமிலும் உள்ளூர்த் தச்சர்களையும் கல்தச்சர்களையும் சம்பளத்துக்கு வைத்தார்கள். கற்றுக்கொடுத்தது அவர்கள்தான்.

அப்போதுதான் ‘ரஸ்டிக்’ என்ற நாட்டுப்புறப் பாணி திட்டமிட்டு வரையப்பட்டது. ஓரிகன், வாஷிங்டன் மாநிலக் காடுகளுக்கு போர்ட்லாந்தில் இருந்த கட்டடக் கலைஞர்கள் மாதிரி வரைபடங்கள் போட்டார்கள். கீழே கரடுமுரடான கல் அடித்தளம், பனி வழுக்கி விழச் செங்குத்தான கூரை, மர ஓடு, சன்னல் கதவிலும் முகட்டு முக்கோணத்திலும் பைன் மர உருவம் வெட்டிய துளை. மவுண்ட் ஹூட் காட்டில் கிளாக்கமஸ் ஏரி நிலையத்தில் இதை இன்றும் பார்க்கலாம். 1906-ல் இருந்து ரேஞ்சர் இருந்த இடம். சிசிசி காலத்தில் அலுவலகம், வீடு, கொட்டில், கிடங்கு என்று வளாகமாகவே எழுப்பினார்கள்.

இந்தப் பாணியைப் பற்றி ஒளிவுமறைவில்லாமல் சொல்லவேண்டிய ஒன்று உண்டு. 1899-ன் கரடுமுரடு வறுமையில் வந்தது, 1934-ன் கரடுமுரடு வரைபடத்தில் வந்தது. கல் அடித்தளத்துக்கு மேலே பல கட்டடங்கள் சாதாரணப் பலகைச் சட்டகம்தான், பளுவைத் தாங்குவது அது. மேலே அடித்த அகலப் பலகையும் தடித்த தூணும் உடுப்பு. தூணும் விட்டமும் தேவைக்கு மேல் பருமனாக வைத்ததற்கும் காரணம் இருந்தது. 150 அடி மரங்களுக்கு நடுவில் சரியான அளவுத் தூண் குச்சி போலத் தெரியும். இந்த உடுப்பு மலிவானது இல்லை. ஒவ்வொரு கல்லையும் பொறுக்கி, பாசி படிந்த முகம் வெளியே தெரியும்படி வைக்க ஆள் நாட்கள் கணக்கில்லாமல் போகும். கூலி கிட்டத்தட்ட இலவசம் என்ற அந்த ஒன்பது ஆண்டில்தான் அது முடிந்தது. போர் வந்து ஆள் போனதும் பாணியும் போயிற்று.

எல்லா இடத்திலும் ரஸ்டிக்கும் இல்லை. மான்டானாவில் மிசூலா ஊர் அருகே கோவேறு கழுதைகளையும் குதிரைகளையும் வளர்த்து அனுப்பிய நைன்மைல் நிலையத்தை அதே சிசிசி இளைஞர்கள்தான் கட்டினார்கள். பார்த்தால் அட்லாண்டிக் கரையோரத்துப் பண்ணைவீடு போல இருக்கும். உருட்டுக்கட்டை வாடையே கிடையாது. தென்மேற்கில் மண்கல் பாணி. நிலத்துக்கு ஏற்ற கட்டடம் என்பது கொள்கை. அந்த நிலத்தில் எது பொருந்தும் என்பதை முடிவுசெய்தது வரைபட மேசை.

எங்கே கெடும், எப்படி மாற்றுவது

மரத்தில் ஈரம் 20 சதவீதத்துக்குக் கீழே இருந்தால் பூஞ்சை வளராது. 30-ஐத் தொட்டால் விருந்து. நூறு வயதுக் கட்டையும் காய்ந்திருந்தால் இரும்பு, நனைந்திருந்தால் ஐந்தாண்டில் பிண்ணாக்கு. ஆகவே பழைய நிலையத்தைச் சோதிப்பவர்கள் கூர்ஊசியை எடுத்துக்கொண்டு நேரே போகும் இடங்கள் சில. முதலில் அடிமரம், அதாவது சுவரின் அடிவரிசைக் கட்டை, அதிலும் வடக்குப் பக்கம். தரையிலிருந்து ஓரடி, ஒன்றரை அடியாவது எழும்பியிருக்க வேண்டியது, நூறாண்டில் இலைச்சருகும் மண்ணும் சேர்ந்து தரையே உயர்ந்து அடிமரத்தைத் தொட்டிருக்கும். அடுத்து, கூரை நீட்டத்தைத் தாண்டி வெளியே துருத்தும் கட்டை முனைகள். வெட்டுமுகம் ஒரு கட்டு உறிஞ்சுகுழல் போல, மழையை உள்ளே இழுக்கும். பிறகு மேல்நோக்கித் திறந்த நெடுவெடிப்புகள். கடைசியாக, கூரைநீர் சொட்டித் தெறிக்கும் கோடு.

அடிமரத்தை மாற்றுவது பொறுமை வேலை. சுவரில் குறுக்கே விட்டங்களைச் செருகி, அவற்றின் கீழ் ஜாக்கி வைத்து, ஒரு சுற்றுக்கு அரைக்கால் அங்குலம் வீதம் எல்லா ஜாக்கியையும் சேர்த்து ஏற்ற வேண்டும். ஒரு மூலை மட்டும் முந்தினால் மேலே கண்ணாடி உடையும், மூலைவெட்டு பிளக்கும். புதுக் கட்டை அதே இன மரமாக, அதே பருமனில், முக்கியமாகக் காய்ந்ததாக இருக்க வேண்டும். ஈரக் கட்டையைச் செருகினால் அது சுருங்கி, மேலிருக்கும் பழைய சுவர் அந்தரத்தில் நிற்கும். முகம் மட்டும் கெட்டிருந்தால் கெட்டதைச் செதுக்கி எடுத்துவிட்டுப் பாதிக்கட்டையை ஒட்டுப் போடலாம். போராக்ஸ் கலவை பூஞ்சையையும் பூச்சியையும் நன்றாகவே தடுக்கும், ஆனால் மழையில் கரையும், கூரை நிழலில் இருக்கும் கட்டைக்குத்தான் லாயக்கு. வார்னிஷ் அடித்துப் பளபளப்பாக்குவது நல்லெண்ணத்தில் செய்யும் கெடுதல். உள்ளே போன ஈரத்தை வெளியே விடாது.

ஐடாஹோவின் செல்வே-பிட்டர்ரூட் வனாந்தரத்தில் இருக்கும் மூஸ் கிரீக் நிலையத்துக்கு இன்றும் சாலை இல்லை. நடந்தோ குதிரையிலோ சிறு விமானத்திலோதான் போக வேண்டும். 1964 வனாந்தரச் சட்டத்தின்படி அங்கே மோட்டார் கருவிகள் பொதுவாகக் கூடாது என்பதால் இருவர் இழுக்கும் ரம்பமும் கோடாரியும் இன்னும் புழக்கத்தில் இருக்கின்றன. பொருள் வருவது கோவேறு கழுதையில்: ஒன்றுக்கு 150 பவுண்டு, பக்கத்துக்கு 75, இரு பக்கமும் எடை ஒத்திருக்க வேண்டும். அந்த 75-க்குள் பிரித்துக் கட்ட முடியாத எதுவும் அங்கே போகாது. அடுப்பும் இந்தக் கணக்கில்தான் போகும், சன்னல் கண்ணாடியும் இந்தக் கணக்கில்தான்.

மலைப்பக்கத்துப் பழைய காவல் குடில்கள் பலவற்றை இப்போது வனத்துறை இரவு வாடகைக்கு விடுகிறது. சுற்றுலா வருமானம் ஒரு பக்கம் இருக்கட்டும், கட்டடத்துக்கே அது மருந்து. ஆள் வந்து அடுப்பு மூட்டினால் உள்ளே ஈரம் காயும். கூரை ஒழுகினால் மறுநாளே யாராவது சொல்வார்கள். பூட்டிவைத்த குடிலில் முதலில் எலி வரும், பிறகு புகைபோக்கியில் கூடு, அதன்பின் அடைபட்ட ஈரம். வாடகைக்கு எடுப்பவர்கள் கிளம்பும்போது விறகைப் பிளந்து உலர்ந்த இடத்தில் அடுக்கிவிட்டுப் போக வேண்டும். அந்த அடுக்கை மட்டும் வெளிச்சுவரில் ஒட்டி அடுக்கக்கூடாது. ஒரு சாண் தள்ளி இருக்கட்டும், அடிமரத்துக்குக் காற்று வேண்டும்.